கேளாது ஒறுத்தல் முறையாகுமா?

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)

    

நமக்கு முன் பேசிய புலவர் பெருமக்கள் இலக்கியத்தின் இன்சுவையை எடுத்து வழங்கினார்கள். நாமோ பள்ளியிறுதி வகுப்போடு படிப்பை முடித்து, இருப்புப்பாதை அலுவலகத்தில் எழுத்தராய் அமர்ந்தோம். இருபதாண்டுகளுக்கு மேலாகக் கோப்புகளே நமக்கு ஏடுகள். ஆதலின், நமக்குத் தெரிந்த ஒரு பொருளைப் பற்றியே பேசத் துணிந்தோம். வேலை பார்க்கும் ஒருவர்மீது குற்றம் சாட்டப்படும்போதும், அவர் ஊர் விட்டு ஊர் மாற்றப்படும்போதும், அவருக்குக் கிடைக்க வேண்டிய முறையான நடத்துகை யாது என்பதே அப்பொருள்.

தமிழ் விழாவில் இப்பேச்சு எதற்கு எனச் சிலர் எண்ணக்கூடும். நம் உறுப்பினர் பட்டியலைப் புரட்டிப் பாருங்கள். ஒலவக்கோட்டில் இருப்புப்பாதை ஊழியர், கஞ்சிக்கோட்டில் ஆலைத் தொழிலாளர், மூணாற்றில் கொழுந்து பறிப்போர், வண்டன்மேட்டில் ஏலக்காய்த் தோட்டத்தார், பள்ளிகளில் ஆசிரியர் எனப் பெரும்பாலோர் பிறரிடம் ஊதியம் பெற்று வாழ்வோரே. காணி நிலமும் தென்னந்தோப்பும் உடையவருக்கு வேலை போயினும் அடுப்பு எரியும். நமக்கு அவ்வாறன்று. மலைத் தோட்டங்களில் வேலையோடு லயத்து வீடும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. வேலை போனால் கூரையும் போகும். பிள்ளையின் பள்ளியும், கடையிலே கிடைக்கும் கடனும், அக்கம் பக்கத்தாரின் மதிப்பும் அதனோடு போகும். ஆதலின், ஒரு தாளில் நான்கு வரியில் வரும் ஆணை நம் குடும்பத்தின் தலையெழுத்தையே மாற்றவல்லது. அத்தாள் வருமுன் நம்மைக் கேட்டார்களா என்பதே கேள்வி.

இக்கேள்வி தமிழருக்குப் புதியதன்று. இடுக்கி மாவட்டத்தில் குமுளிக்கு அருகே, பெரியாறு காட்டினுள், தமிழக எல்லையை ஒட்டி மங்கலதேவி மலை இருப்பதை அறிவீர்கள். ஆண்டுக்கு ஒரு நாள், சித்திரை முழுநிலவன்று, கண்ணகியைக் காண நம்மவர் அம்மலை ஏறுகின்றனர். கண்ணகி வழக்கின் உட்பொருள் யாது? கோவலன் கையில் ஒரு சிலம்பு இருந்தது. அரண்மனைப் பொற்கொல்லன் அவனைக் கள்வன் என்றான். குற்றம் சாட்டியவனே உண்மைக் கள்வன். மன்னன் குற்றம் சாட்டப்பட்டவனை அழைக்கவில்லை. அவன் சொல்லைக் கேட்கவில்லை. சிலம்பை உடைத்துப் பார்க்கவும் இல்லை. கொலைத் தண்டனை நிறைவேறிவிட்டது. பின்னர்க் கண்ணகி வந்து வழக்குரைத்தபோதுதான் சிலம்பு உடைபட்டது. அரசியின் சிலம்பில் இருந்தவை முத்துகள்; கண்ணகியின் சிலம்பில் இருந்தவை மாணிக்கங்கள். ஒரு நொடியில் தெரிந்திருக்க வேண்டிய உண்மை, ஓர் உயிர் போன பின் தெரிந்தது. அம்மன்னனைத் தீயவன் என்று இளங்கோவடிகள் காட்டவில்லை. தவற்றை உணர்ந்த அளவிலே உயிர் விட்ட மானமுள்ளவனாகவே காட்டுகிறார். நல்லவனே ஆயினும், ஆராயாது ஆணையிட்டால் விளைவு இதுதான் என்பதை நாம் அறிந்து கொள்க.

இனி நம் காலத்துக்கு வருவோம்.

நம் பாட்டனார் காலத்தில் வேலைக்காரனை வைத்திருப்பதும் விலக்குவதும் முதலாளியின் விருப்பம். 1928ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் தென்னிந்திய இருப்புப்பாதைத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தனர். பாலக்காட்டுக் கணவாய்க்கு அப்பால் உள்ள போத்தனூரிலும், நாகப்பட்டினத்திலும் இருந்த பணிமனைகளின் வேலையைத் திருச்சிப் பொன்மலைக்குக் கொண்டு செல்வதும், ஆட்களைக் குறைப்பதும் அன்றைய கம்பெனியின் திட்டம். மாற்றலும் வேலைநீக்கமும் ஒருங்கே வந்த அப்போராட்டத்தில் சிங்காரவேலர் சிறை புகுந்தார். தொழிலாளர் தோற்றனர். அவர்கள் சொல்வதைக் கேட்டாக வேண்டும் என்று கம்பெனியைக் கட்டாயப்படுத்தும் சட்டம் அன்று வலுவாக இல்லை.

1950இல் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பு இந்நிலையை மாற்றியது. அதன் 311ஆம் பிரிவு, மைய அரசிலோ மாநில அரசிலோ குடிமைப் பணியில் இருப்பவரை, குற்றச்சாட்டை அறிவித்து, விசாரணை நடத்தி, தம்மைக் காத்துக்கொள்ள நியாயமான வாய்ப்பு அளித்த பின்னரே வேலையினின்று நீக்கலாம் என்கிறது. அவ்வாய்ப்பு யாது என்பதை 1957ஆம் ஆண்டின் கேம் சந்த் வழக்கில் உச்சநீதிமன்றம் விளக்கிற்று. குற்றம் யாதெனவும் அதற்கு ஆதாரம் யாதெனவும் ஊழியருக்குச் சொல்லப்பட வேண்டும். எதிர்ச் சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்யவும், தம் பக்கத்துச் சாட்சிகளைக் கொணரவும் அவருக்கு இடம் தரப்பட வேண்டும்.

அடுத்து, இருப்புப்பாதை ஊழியர் ஒவ்வொருவரும் நன்றியோடு நினைக்க வேண்டிய தீர்ப்பு ஒன்று 1963 டிசம்பரில் வந்தது. மோத்தி ராம் தேகா என்னும் வழக்கு அது. நிரந்தர ஊழியரையுங்கூட, காரணம் கூறாமல், அறிவிப்புக் கொடுத்து அனுப்பிவிடலாம் என அந்நாளைய இருப்புப்பாதை விதிகள் இரண்டு கூறின. அவை செல்லா என்று ஏழு நீதிபதிகள் அமர்ந்த ஆயம் பெரும்பான்மையால் தீர்த்தது. வடகிழக்கு எல்லைப்புற இருப்புப்பாதையில் பணிபுரிந்த எளிய ஊழியர்கள் தொடுத்த வழக்கு, நாடு முழுவதுமுள்ள இலட்சக்கணக்கான குடும்பங்களுக்குக் காப்பாயிற்று.

இன்று இருப்புப்பாதையில் நடைமுறையில் இருப்பவை 1968ஆம் ஆண்டின் ஒழுங்கு மற்றும் மேன்முறையீட்டு விதிகள். சிறு தண்டனைக்குரிய குறிப்பாணையை நாம் எஸ்.எஃப். 11 என்போம், பெருந்தண்டனைக்குரியதை எஸ்.எஃப். 5 என்போம். எஸ்.எஃப். 5 வருமாயின் அதனோடு குற்ற விவரமும், சான்றாவணங்களின் பட்டியலும், சாட்சிகளின் பட்டியலும் இருக்க வேண்டும். மறுமொழி அளிக்கப் பத்து நாள் உண்டு. விசாரணையில் துணைநிற்கச் சக ஊழியர் ஒருவரையோ, தொழிற்சங்கப் பொறுப்பாளர் ஒருவரையோ வைத்துக்கொள்ளலாம். விசாரணை முடிந்ததும் அறிக்கையின் படி நம் கைக்கு வர வேண்டும். அதன்மீது எழுதப் பதினைந்து நாள் உண்டு. தண்டனை வந்தால் மேன்முறையீட்டுக்கு நாற்பத்தைந்து நாள். அறிக்கையின் படியைக் கொடாமல் தண்டிப்பது முறையன்று என்பதை 1993ஆம் ஆண்டு, ஐதராபாத்து மின்னணுக் கழகத்து ஊழியர் ஒருவர் வழக்கில், உச்சநீதிமன்றத்தின் அரசியலமைப்பு ஆயமே உறுதி செய்தது.

மலைத் தோட்டத்து அன்பர்கள், இவையெல்லாம் அரசாங்க ஊழியருக்கு அல்லவா, எமக்கு யாது உண்டு என்று கேட்கலாம். தனியார் தோட்டத் தொழிலாளருக்கு 311ஆம் பிரிவின் காப்பு இல்லை என்பது மெய். எனினும் தொழிற்சட்டம் அவர்களைக் கைவிட்டுவிடவில்லை. வடவங்கத்து மீங்கிளாஸ் தேயிலைத் தோட்டத்து வழக்கு 1963இல் உச்சநீதிமன்றத்துக்கு வந்தது. மேலாளர்களோடு தொழிலாளருக்கு ஏற்பட்ட கைகலப்பு ஒன்றில் பலர் நீக்கப்பட்டனர். விசாரணை நடத்தியவர்களோ அந்நிகழ்ச்சியில் தாமே தொடர்புடைய மேலாளர்கள். எதிர்ச் சாட்சி எவரும் தொழிலாளர் முன்னிலையில் பேசவில்லை. தொழிலாளரை ஒவ்வொருவராய் அழைத்துக் கேள்வி கேட்டு முடித்துவிட்டனர். குற்றச்சாட்டு யாதென்பதோடு அதை எந்தச் சாட்சியம் தாங்குகிறது என்பதையும் அறிந்தால்தான் ஒருவர் மறுமொழி கூற இயலும் என்று நீதிமன்றம் கூறி, அவ்விசாரணையை ஏற்க மறுத்தது. தேயிலைச் செடிகளுக்கு இடையே பிறந்த இந்நீதி, மூணாற்றுக்கும் பீர்மேட்டுக்கும் உரியதே.

அதே ஆண்டில் கல்கத்தாவின் சுர் எனாமல் தொழிற்சாலை வழக்கில், நேர்மையான விசாரணைக்கு வேண்டியவை ஐந்து என உச்சநீதிமன்றம் எண்ணிச் சொல்லிற்று. முதலாவது, குற்றம் யாதெனத் தெளிவாகத் தெரிவித்தல். இரண்டாவது, பொதுவாக ஊழியர் முன்னிலையிலேயே சாட்சிகளை விசாரித்தல். மூன்றாவது, அவர்களைக் குறுக்கு விசாரணை செய்ய வாய்ப்பு அளித்தல். நான்காவது, தம் சாட்சிகளை நிறுத்தவும், வேண்டின் தாமே சாட்சி கூறவும் இடங்கொடுத்தல். ஐந்தாவது, விசாரணை செய்பவர் தம் முடிவைக் காரணங்களோடு எழுதுதல். இவ்வைந்தையும் நம் பிள்ளைகள் வாய்பாடு போல் மனனம் செய்யத் தகும்.

இவ்வைந்தில் முதலாவதை மீண்டும் எண்ணிப் பாருங்கள். "தெளிவாகத் தெரிவித்தல்" என்றார்கள். யாருக்குத் தெளிவாக? எம்மொழியில் தெளிவாக? எல்லைப்புறத் தமிழராகிய நம் வழக்கின் உயிர்நிலை இங்கேதான் இருக்கிறது.

சில ஆண்டுகளுக்கு முன், மலைமேல் உள்ள ஒரு தோட்டத்திலிருந்து உறவினர் ஒருவர் நம் இல்லத்துக்கு வந்தார். தோட்டத்தின் பெயர் இங்கு வேண்டா. ஐம்பது வயது கடந்தவர். தமிழ் மட்டும் எழுத்துக்கூட்டிப் படிப்பவர். ஆங்கிலத்தில் தட்டெழுதிய தாள் ஒன்றை மடித்து வைத்திருந்தார். "இதிலே கையெழுத்துப் போட்டால் போதும், வேறு ஒன்றும் இல்லை என்றார்கள், போட்டுவிட்டேன்" என்றார். வாங்கிப் படித்தோம். கொழுந்து எடையில் தாம் பொய்க்கணக்குக் காட்டியதை ஒப்புக்கொள்வதாகவும், விசாரணை வேண்டாம் என்பதாகவும் அதில் எழுதியிருந்தது. அவர் அப்படி எதையும் ஒப்புக்கொள்ளவில்லை. தாளைப் பெற்றுக்கொண்டதற்கு அடையாளமாகவே கையொப்பமிட்டதாக எண்ணியிருந்தார். தமக்குத் தெரியாத மொழி ஒன்று, அவர் வாயால் அவர்மீதே குற்றம் சுமத்திவிட்டது. பின்னர்த் தொழிற்சங்கத்தார் தலையிட்டு விசாரணை நடக்கச் செய்தனர். அதற்குள் நான்கு திங்கள் ஊதியமின்றிக் கழிந்துவிட்டது.

விசாரணை நடத்தினோம் என்று கோப்பில் எழுதிவிடலாம். சாட்சி பேசியது மலையாளம், பதிவு செய்தது ஆங்கிலம், எதிரே நின்றவர் அறிந்தது தமிழ் மட்டும் என்றால், அங்கே கேட்டல் நிகழ்ந்ததாகுமா? வேலை பற்றிய வழக்குகளை விடக் கடுமையான தடுப்புக் காவல் வழக்குகளில் இக்கேள்விக்கு விடை கிடைத்திருக்கிறது. 1962இல் மராட்டிய மாநிலத்து ஹரிகிசன் வழக்கில், ஆங்கிலம் அறியாதவரிடம் ஆங்கிலத்தில் காரணங்களைக் கொடுப்பது, காரணங்களை அறிவித்ததாகாது என்று உச்சநீதிமன்றம் விடுதலை வழங்கிற்று. 1999இல், தமிழ் மட்டுமே அறிந்த ஒரு பெண்மணிக்கு ஆங்கில ஆவணத்தின் தமிழாக்கம் கொடுக்கப்படவில்லை என்பதற்காகத் தமிழ்நாட்டு அரசின் தடுப்புக் காவல் ஆணை நீக்கப்பட்டது. அவை சிறை பற்றியவை. நம்முடையவை வேலை பற்றியவை. இரண்டும் ஒன்றென நாம் சொல்லவில்லை. ஆனால், புரியாத மொழியில் சொல்வது சொன்னதாகாது என்னும் அறிவு இரண்டிடத்தும் ஒன்றே.

இதற்கு நமக்குப் பிடிமானம் உண்டு. அரசியலமைப்பின் 350ஆம் பிரிவு, குறை தீர்க்க வேண்டி எந்த அரசு அலுவலருக்கும், ஒன்றியத்திலோ அம்மாநிலத்திலோ வழங்கும் எம்மொழியிலும் விண்ணப்பிக்கலாம் என்கிறது. கேரளத்தின் 1969ஆம் ஆண்டு ஆட்சிமொழிச் சட்டம், தமிழ்ச் சிறுபான்மையர் தலைமைச் செயலகத்துக்கும் துறைத் தலைவர்களுக்கும், சிறுபான்மைப் பகுதியென அறிவிக்கப்பட்ட இடங்களில் உள்ள மாநில அலுவலகங்களுக்கும் தமிழில் எழுதலாம், மறுமொழியும் தமிழிலேயே வர வேண்டும் என்று வழிசெய்தது. 1946ஆம் ஆண்டின் நிலையாணைச் சட்டமோ, தொழிலகத்தின் நிலையாணைகளை ஆங்கிலத்திலும், தொழிலாளருள் பெரும்பாலோர்க்குப் புரியும் மொழியிலும் பலகையில் ஒட்ட வேண்டும் என்றது. அச்சட்டம் 2025 நவம்பர் 21 முதல் புதிய தொழிலுறவுச் சட்டத் தொகுப்புக்கு இடங்கொடுத்து விலகிற்று. சட்டங்கள் மாறலாம், புரியும் மொழியில் சொல்லுக எனக் கேட்கும் நம் வழக்கம் மாறலாகாது. 2015 செப்டம்பரில் மூணாற்றுத் தேயிலைப் பெண்கள், தங்கள் போனசுக்காகத் தாங்களே தெருவில் அமர்ந்து, தங்கள் தமிழிலேயே பேசினார்கள். நாடு செவி சாய்த்ததை நாம் கண்டோம்.

அடுத்து, தற்காலிகப் பணிநீக்கம். சஸ்பெண்ட் என்று நாம் வழங்குவது இதுவே. இது தண்டனையன்று என்பர். ஆனால் வயிறு அவ்வேறுபாட்டை அறியாது. கோலார் தங்க வயலில் பாதுகாப்பு அதிகாரியாய் இருந்த ஒருவர் பணிநீக்கத்தில் வைக்கப்பட்டு, கேரளத்திலுள்ள தம் ஊருக்குத் திரும்பினார். பிழைப்பூதியம் கொடுக்கப்படவில்லை. கோலாருக்குச் சென்று விசாரணையில் நிற்க வழிச்செலவுக்கும் அவரிடம் பணம் இல்லை. அவர் இல்லாமலே விசாரணை முடிந்து, வேலையும் போயிற்று. குற்றவியல் வழக்கிலோ அவர் விடுதலை பெற்றார். 1999இல் உச்சநீதிமன்றம் அந்த விசாரணை செல்லாது என்று கூறி அவரை மீண்டும் பணியில் அமர்த்தியது. பசியால் வர இயலாதவரை வராதவர் எனக் கொள்ளலாகாது என்பதே அத்தீர்ப்பின் சாரம். 2015இல் வேறொரு வழக்கில், குற்றக் குறிப்பாணை கொடுக்கப்படாமல் மூன்று திங்களுக்கு மேல் பணிநீக்கத்தை நீட்டலாகாது என்றும் அந்நீதிமன்றம் கூறிற்று. புதிய தொழிலுறவுத் தொகுப்பும், பணிநீக்க நாள் முதல் தொண்ணூறு நாளுக்குள் விசாரணை இயல்பாக முடிய வேண்டும் என்கிறது. முதல் தொண்ணூறு நாளுக்கு ஊதியத்தில் பாதியும், தொழிலாளர் காரணமின்றி நீண்டால் அதன்பின் முக்காலும் பிழைப்பூதியமாகத் தர வேண்டும் என்பதும் அதில் உண்டு.

விசாரணையே இன்றி நீக்கும் வழியும் விதிகளில் உண்டு என்பதை மறைத்தல் கூடாது. இருப்புப்பாதை விதிகளில் அது 14(2). விசாரணை நடத்துவது நடைமுறைக்கு இயலாது என அதிகாரி எழுத்தில் காரணம் காட்டினால் நேரே நீக்கலாம். 1974 மே 8 முதல் 27 வரை நடந்த பெரும் வேலைநிறுத்தத்திலும், 1981இல் எஞ்சின் ஓட்டும் ஊழியர் செய்த வேலைநிறுத்தத்திலும் இவ்விதி பலர் குடும்பத்தை நடுத்தெருவில் நிறுத்திற்று. 1985இல் துளசிராம் பட்டேல் வழக்கில் உச்சநீதிமன்றம் அவ்வழி செல்லும் என்றே தீர்த்தது. எனினும், காரணம் எழுதப்பட வேண்டும், அது மெய்யான காரணமாகவும் இருக்க வேண்டும் என்று வரம்பிட்டது. 1981இல் நீக்கப்பட்ட எஞ்சின் ஊழியரை மீண்டும் எடுக்குமாறு 1993இல் அந்நீதிமன்றமே ஆணையிட்டது. நீதி வந்தது; ஆனால் பன்னிரண்டு ஆண்டு கழித்து வந்தது. அதற்குள் எத்தனை பெண்களின் திருமணம் தள்ளிப்போயிற்றோ, எத்தனை பிள்ளைகள் படிப்பை விட்டனரோ, அதை எந்தத் தீர்ப்பும் திருப்பித் தர இயலாது.

இனி மாற்றல். பாலக்காட்டுக் கோட்டம் 1956இல் ஒலவக்கோட்டுக் கோட்டம் என்னும் பெயரில் தோன்றியது. 2007 நவம்பரில் சேலம் கோட்டம் பிரிந்தபோது கோவை, ஈரோடு முதலிய தமிழகப் பகுதிகள் அதனோடு சென்றன. இன்று கோட்டத்தின் மறுமுனை மங்களூர். பாலக்காட்டில் தமிழ்வழிப் பள்ளியில் படிக்கும் சிறுமியின் தந்தை மங்களூருக்கு மாற்றப்பட்டால், அச்சிறுமிக்குப் பள்ளி மட்டுமா மாறுகிறது? படிக்கும் மொழியே மாறுகிறது. மலையிலிருக்கும் அரசுப் பள்ளித் தமிழாசிரியருக்கும் இத்துன்பம் உண்டு.

மாற்றல் என்பது வேலையோடு பிறந்தது. எங்கே ஆள் வேண்டுமோ அங்கே அனுப்பும் உரிமை நிருவாகத்துக்கு உண்டு. இதில் நீதிமன்றங்கள் எளிதில் தலையிடுவதில்லை. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். இருப்புப்பாதை விதிகளின் தண்டனைப் பட்டியலில் கண்டனம் உண்டு, ஊதிய உயர்வை நிறுத்தல் உண்டு, பதவி இறக்கம் உண்டு, நீக்கம் உண்டு, மாற்றல் இல்லை. தண்டனையல்லாத ஒன்றைத் தண்டனையாகப் பயன்படுத்தினால், விசாரணை என்னும் வாயிலைச் சுற்றிக்கொண்டு பின்வழியே நுழைந்ததாகும். போபாலில் பணியாற்றிய மைய அரசு அதிகாரி ஒருவர்மீது பெயரிலிக் கடிதம் வந்தது. விசாரித்ததில் அதில் உண்மை இல்லை எனக் கண்டனர். ஆயினும் அவர் ஷில்லாங்குக்கு மாற்றப்பட்டார். தண்டனைக்கு மாற்றாக இடும் மாற்றலாணை சட்டத்துக்கு முற்றிலும் முரணானது என்று 2008 டிசம்பரில் உச்சநீதிமன்றம் அதை நீக்கிற்று.

இத்துறையில் தமிழ்நாட்டின் பங்கும் பெரிது. தமிழ்நாட்டு அரசின் தலைமைச் செயலாளராய் இருந்த இராயப்பா அவர்கள் வேறு பதவிகளுக்கு மாற்றப்பட்டார். தம்மை ஒதுக்கவே இம்மாற்றல் என்று அவர் உச்சநீதிமன்றம் சென்றார். 1973 நவம்பரில் வந்த தீர்ப்பில் அவர் தோற்றார். தீய நோக்கம் மெய்ப்பிக்கப்படவில்லை என்றனர். ஆனால் அத்தீர்ப்பில்தான், தன் விருப்பம் போல் நடத்தலும் சமத்துவமும் ஒன்றுக்கொன்று பகை என்னும் கோட்பாடு பிறந்தது. வழக்கில் அவர் தோற்றார். அவர் வழக்கால் நாட்டு ஊழியர் அனைவரும் வென்றனர். 1986இல் கருநாடகத்து வழக்கு ஒன்றில், அடிக்கடியும் காரணமின்றியும் செய்யும் மாற்றல்கள் குடும்பத்தை வேரோடு பிடுங்கி, பிள்ளைகளின் கல்வியைக் குலைக்கும் என்று நீதிபதிகள் எச்சரித்தனர்.

இங்கே ஓர் எச்சரிக்கை நமக்கும் உண்டு. மாற்றலாணை வந்தால் சிலர் மனு எழுதி வைத்துவிட்டு, விடை வரும் வரை புதிய இடத்தில் சேராமல் வீட்டில் இருந்துவிடுகின்றனர். 1989இல் குஜராத்து மின்வாரிய ஊழியர் ஒருவர் அவ்வாறு இருந்து வேலையையே இழந்தார். உச்சநீதிமன்றமும் அவருக்கு இரங்கவில்லை. ஆதலின், மனுவை எழுதுக, தடையாணை கிடைக்கவில்லையெனில் போய்ச் சேர்ந்துகொள்க, சேர்ந்தபின் போராடுக.

நிருவாகத்தின் பக்கத்தையும் சொல்லாமல் விடுதல் நேர்மையன்று. கைகாட்டியைக் கவனியாத ஒருவரால் நூறு உயிர் போகும். பணப்பெட்டியில் கைவைப்பவரைக் காப்பது சங்கத்தின் வேலையன்று. குற்றம் செய்தவர் தண்டனை பெறட்டும். நாம் கேட்பது தண்டனைக்கு முன் கேள்வி. முறையாக விசாரித்து அளித்த தண்டனை மேன்முறையீட்டிலும் நிற்கும். ஊழியர் மனத்திலும் நிற்கும். விரைவு கருதி விசாரணையைக் குறுக்கும் அதிகாரி, பல ஆண்டு கழித்துத் தம் ஆணை உடைவதைக் காண்கிறார். அப்போது உண்மையான குற்றவாளியும் தப்பிவிடுகிறார். ஆகவே முறை என்பது இரு தரத்தாருக்கும் காவல்.

முடிவாக, நாம் செய்ய வேண்டுவன சில. படித்துப் புரியாத எந்தத் தாளிலும் கையொப்பமிடலாகாது. பெற்றுக்கொண்டதற்கு மட்டும் ஒப்பமிட நேர்ந்தால், "பெற்றுக்கொண்டேன், பொருள் புரியவில்லை, தமிழாக்கம் வேண்டும்" எனத் தமிழிலேயே எழுதித் தேதியிட்டு ஒப்பமிடுக. தாள் வந்த நாளைக் குறித்து வைக்க. பத்து நாளும் நாற்பத்தைந்து நாளும் நமக்காகக் காத்திரா. வாயால் சொன்னது காற்றோடு போகும். ஆதலின் ஒவ்வொரு வேண்டுகோளையும் எழுத்தில் கொடுத்துப் படி ஒன்று வைத்துக்கொள்க. மேன்முறையீட்டை முடித்த பின்னரும் நீதி கிட்டாவிடில், மைய அரசு ஊழியருக்கு எர்ணாகுளத்தில் மைய நிருவாகத் தீர்ப்பாயம் உண்டு. அங்கே செல்ல ஓராண்டுக் காலமே எல்லை.

நம் சங்கத்துக்கு ஒரு வேண்டுகோள் விடுக்கிறோம். திங்கள்தோறும் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, தமிழ், மலையாளம், ஆங்கிலம் மூன்றும் அறிந்த இருவர் சங்க அறையில் அமரட்டும். உறுப்பினர் தங்களுக்கு வந்த ஆணையையோ குறிப்பாணையையோ கொண்டுவந்து படித்துப் பொருள் கேட்கட்டும். பணி ஓய்வு பெற்ற அன்பர்களுள் விசாரணையில் துணைநிற்கத் தக்கோர் யாவர் என ஒரு பட்டியல் எழுதி வைப்போம். மலையிலிருந்து வர இயலாதோர்க்காக, ஆண்டில் இருமுறை நாமே மூணாற்றுக்கும் குமுளிக்கும் செல்வோம். இதற்குப் பெரும் பொருட்செலவு இல்லை. ஒரு மேசை, இரண்டு நாற்காலி, ஒரு பதிவேடு போதும். இந்த ஆண்டிலேயே தொடங்குவதாயின், முதல் ஞாயிறு மாலை நாம் வந்து அமர அணியமாய் உள்ளோம்.

நம்மவருள் சிலர் நாளை விசாரணை அலுவலராகவும் அமர நேரும். அவர்கட்கும் ஒரு சொல். எதிரே நிற்பவர் பேசி முடிக்கும் வரை பேனாவை மூடி வைத்திருங்கள். அவர் சொல்வது புரியவில்லையெனில், புரிந்து சொல்லும் ஒருவரை அழையுங்கள். மதுரையில் ஒரு சிலம்பை உடைத்துப் பார்க்க ஒரு நொடி போதுமாயிருந்தது. அந்த நொடியை நீங்கள் மறுக்கலாகாது.



வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!